மரபணு, இனம், சாதி: செய்தி வந்தால் எப்படிப் படிப்பது, ரத்தம் கேட்டு வந்தால் என்ன கேட்பது

ஆதிச்சநல்லூரிலோ சிவகளையிலோ ஒரு முதுமக்கள் தாழி வெளியே வந்தால் போதும், நம்ம திருநெல்வேலிப் பக்கத்து வாட்ஸ்அப் குரூப்புகளில் "இது எங்கள் பாட்டன் எலும்பு, டி.என்.ஏ. சோதனையில் நிரூபணம்" என்று ஒரு படம் சுற்ற ஆரம்பித்துவிடும். எந்தச் சோதனை, எந்த ஆய்வகம், யாருடைய எலும்பு, ஒரு விவரமும் இருக்காது. இன்னொரு பக்கம் ஆன்லைனில் எச்சில் குழாய் வாங்கி அனுப்பி "என் வம்சம் இத்தனை சதவீதம் இன்னது" என்று சொல்கிற இளவட்டம். ஊருக்குள் ஆராய்ச்சி என்று வந்து ஐந்து மில்லி ரத்தமும் சாதிப் பெயரும் கேட்கிறவர்கள் வேறு. இந்த மூன்றையும் எப்படிக் கையாள வேண்டும், என்ன கேட்க வேண்டும், எங்கே மறுக்க வேண்டும் என்று ஒரே இடத்தில் எழுதி வைக்கலாம் என்றுதான் இதை எழுதுகிறேன்.

இந்த விஷயம் மற்ற ஊர்களைவிட நமக்கு அவசரம். பள்ளிக்கூடப் பிள்ளைகள் சாதிக்கொரு நிறத்தில் கையில் கயிறு கட்டிக்கொண்டு போகிற மாவட்டம் இது. 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு மாணவனை, கூடப் படித்த பிள்ளைகளே வீடு புகுந்து வெட்டினார்கள். அதற்குப் பிறகுதான் நீதியரசர் சந்துரு தலைமையில் குழு போட்டு, 2024 ஜூனில் அந்தக் குழு கயிறு, நெற்றிப்பொட்டு உட்பட சாதி அடையாளங்களைப் பள்ளியில் தடை செய்யச் சொன்னது. இப்படிப்பட்ட இடத்தில் "எங்க ரத்தமே வேற, விஞ்ஞானமே சொல்லிட்டு" என்று ஒரு வரி பரவினால் அது வெறும் தவறான தகவலோடு நிற்காது.

முதலில் இதைத் தெரிந்துகொள்ளுங்கள்

மனித மரபணுத் தொகுப்பில் கிட்டத்தட்ட 300 கோடி வேதி 'எழுத்துகள்'. உலகத்தில் எந்த இரண்டு பேரை எடுத்தாலும் அதில் சுமார் 99.9 சதவீதம் ஒன்று போலவே இருக்கும். மீதி இருக்கிற அந்தச் சின்ன வித்தியாசத்திலும், பெரும்பகுதி ஒரே கூட்டத்துக்குள் இருக்கிற ஆட்களுக்கு இடையில்தான். 1972இல் ரிச்சர்ட் லெவன்டின் என்ற அமெரிக்க மரபியலாளர் இதைக் கணக்கிட்டார்: மொத்த வேறுபாட்டில் ஏறக்குறைய 85 சதவீதம் ஒரே மக்கள் குழுவுக்குள்ளேயே இருக்கிறது, 'இனங்கள்' என்று நாம் பிரித்துவைத்திருக்கிற பெரிய கூட்டங்களுக்கு இடையில் இருப்பது 6 சதவீதம் அளவுதான். அதாவது உங்கள் தெருவில் இருக்கிற இரண்டு பேருக்குள் இருக்கிற வித்தியாசம், உங்கள் தெருக்காரர் ஒருவருக்கும் அடுத்த தெருக்காரர் ஒருவருக்கும் இருக்கிற வித்தியாசத்தைவிடப் பெரிதாகக் குறைந்ததாக இருக்காது.

அப்படியானால் சாதிக்கும் மரபணுவுக்கும் சம்பந்தமே இல்லையா? இங்கேதான் நிறையப் பேர் நல்லெண்ணத்தில் தவறாகச் சொல்கிறார்கள். சம்பந்தம் உண்டு, ஆனால் குரூப்பில் சொல்கிற சம்பந்தம் இல்லை. ஐதராபாத்தில் இருக்கிற சி.சி.எம்.பி. என்ற அரசு உயிரியல் ஆய்வகத்தின் லால்ஜி சிங், குமாரசாமி தங்கராஜ் ஆகியோரும் அமெரிக்காவின் டேவிட் ரைக் குழுவும் சேர்ந்து 2009இல் வெளியிட்ட ஆய்வு, இந்தியாவில் பார்த்த ஏறத்தாழ எல்லாக் குழுக்களும் இரண்டு பழைய மக்கள்தொகைகளின் கலப்பு என்று காட்டியது. வடக்கிலிருந்து வந்த பங்கு ஒரு குழுவில் 39 சதவீதம், இன்னொன்றில் 71 சதவீதம், அவ்வளவுதான் வித்தியாசம். பூஜ்யம் என்றோ நூறு என்றோ யாரும் இல்லை. 2013இல் அதே கூட்டணி அந்தக் கலப்பின் காலத்தையும் கணக்கிட்டது: சுமார் 4,200 ஆண்டுகளுக்கு முன்னிருந்து 1,900 ஆண்டுகளுக்கு முன் வரை, பழங்குடிகள் உட்பட எல்லாரும் எல்லாரோடும் கலந்திருக்கிறார்கள். அதற்குப் பிறகுதான் கதவு சாத்தப்பட்டு, அவரவர் வட்டத்துக்குள் மட்டும் பெண் கொடுத்துப் பெண் எடுக்கும் வழக்கம் இறுகியது.

இதை நன்றாக மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். மரபணுவில் சாதி கிடையாது. சாதி நடத்திவைத்த கல்யாணங்களின் தடம் கிடக்கிறது. பல தலைமுறையாக ஒரு வட்டத்துக்குள்ளேயே கட்டினால் அந்த வட்டத்தில் சில எழுத்துகள் அடிக்கடி தென்படும், அதைக் கணினி பிரித்துக் காட்டும். அது மூளையைப் பற்றியோ வீரத்தைப் பற்றியோ நேர்மையைப் பற்றியோ ஒன்றுமே சொல்வதில்லை. கீழே சொல்லப்போகிற எல்லாமே இதிலிருந்து வருவதுதான்.

செய்தி வந்தால் என்ன பார்க்க வேண்டும்

முதல் கேள்வி: மரபணுவின் எந்தப் பகுதியைப் பார்த்தார்கள்? ஒய் குரோமோசோம் என்றால் அப்பா வழி மட்டும். பங்குனி உத்திரத்துக்கு நாம் எந்தச் சாஸ்தா கோயிலுக்குப் போகிறோம் என்று நினைத்துப் பாருங்கள். அப்பாவின் சாஸ்தா, அவருடைய அப்பாவின் சாஸ்தா, அப்படியே ஒரே கோடு. அம்மா பிறந்த வீட்டுச் சாஸ்தா, அப்பாவைப் பெற்ற ஆச்சியின் சாஸ்தா எல்லாம் அந்தக் கணக்கில் வராது. வராததால் அவர்கள் நம் ரத்தத்தில் இல்லை என்று ஆகிவிடுமா? ஒய் குரோமோசோம் சொல்வது அந்த ஒற்றைக் கோட்டை மட்டும்தான். பத்துத் தலைமுறை பின்னால் போனால் உங்களுக்கு 1,024 முன்னோர் இடங்கள் இருக்கின்றன, ஒய் சொல்வது அதில் ஒரே ஓர் ஆளை. மைட்டோகாண்ட்ரியா டி.என்.ஏ. அதே மாதிரி தாய்வழிக்கு இன்னோர் ஆளை. மீதி 1,022 பேரைப் பற்றி இரண்டும் வாய் திறக்காது.

நம்ம பக்கத்தில் எல்லாரும் கேள்விப்பட்ட எம்130 கதை இதற்குச் சரியான உதாரணம். மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் இருந்த பிச்சப்பன், ஸ்பென்சர் வெல்ஸ் ஆகியோரின் ஆய்வில் உசிலம்பட்டிப் பக்கத்து ஊர் ஒன்றில் எம்130 என்ற ஒய் குறி கிடைத்தது, ஆப்பிரிக்காவிலிருந்து கடற்கரை ஓரமாக வந்த முதல் கூட்டத்தின் அடையாளம் என்று அதைப் பேசினார்கள். ஆய்வு நல்ல ஆய்வு. ஆனால் அது வெளியே வந்ததும் "முதல் இந்தியன் எங்கள் ஆள்" என்று சாதிப் பெருமையாகத் திரும்பிவிட்டது. அந்தக் குறியின் கிளைகள் ஆஸ்திரேலியப் பழங்குடிகளிடம் இருக்கின்றன, மங்கோலியாவில் நிறையவே இருக்கின்றன. அதே ஊரில் எம்130 இல்லாதவரும் அதே அளவுக்குப் பழைய முன்னோரிடமிருந்து வந்தவர்தான், அவருக்கு அப்பா வழிக் கோடு மட்டும் வேறு. பூமியில் இன்று இருக்கிற யாருமே யாரையும்விடப் பழைய வம்சம் இல்லை, எல்லாருக்கும் ஆப்பிரிக்கா வரை கோடு போகிறது.

அடுத்து, எத்தனை மாதிரி? பழைய எலும்பு என்றால் கட்டாயம் கேளுங்கள். நம்ம ஊர் வெயிலிலும் ஈரத்திலும் டி.என்.ஏ. சிதைந்துபோகும். ஹரியானாவில் ராக்கிகடி என்ற சிந்துவெளி நகரத்தில் 61 எலும்பு மாதிரிகளைப் பார்த்து, உருப்படியாகக் கிடைத்தது ஒரே ஒரு பெண்ணின் மரபணுதான். அந்த ஒரு பெண்ணை வைத்து 2019இல் கட்டுரை வந்தபோது, "ஆரியர் வரவே இல்லை" என்று சில பத்திரிகைகளும் "வந்தது உறுதி" என்று சில பத்திரிகைகளும் எழுதின! கட்டுரையில் இருந்தது, அந்தப் பெண்ணிடம் புல்வெளி மேய்ப்பர்களின் (ஆரியர் என்று பலர் சொல்வது இவர்களைத்தான்) மரபுக்கூறு இல்லை என்பது. அவள் அவர்கள் வருவதற்கு முந்தியவள் என்றும் எடுத்துக்கொள்ளலாம் அல்லவா? தலைப்பை மட்டும் படித்துவிட்டு யாரோடும் சண்டைக்குப் போக வேண்டாம் என்பதற்காகத்தான் இதைச் சொல்கிறேன்.

மூன்றாவது, காலத்தைச் சொல்கிற சோதனையையும் ஆளைச் சொல்கிற சோதனையையும் குழப்பாதீர்கள். சிவகளைத் தாழியில் கிடைத்த நெல்லுக்குக் கி.மு. 1155 என்று காலம் சொன்னது கரிமச் சோதனை. தாமிரபரணிக் கரையில் அவ்வளவு காலத்துக்கு முன் நெல் இருந்தது என்பது நாம் எல்லாரும் சந்தோஷப்பட வேண்டிய விஷயம். ஆனால் அந்த நெல்லை விளைவித்தவன் இன்றைக்கு இருக்கிற எந்தச் சாதி என்று அந்தச் சோதனை சொல்லாது, எந்தச் சோதனையும் சொல்ல முடியாது. ஏனென்றால் மேலே சொன்னபடி கலப்பு அதற்குப் பிறகும் ஆயிரம் வருஷத்துக்கு மேல் நடந்திருக்கிறது. அன்றைக்கு இந்த வட்டங்களே இல்லை.

அளவுகோல் கொண்டு வந்தவர்கள்

ஆதிச்சநல்லூர் மண்டையோடுகளை நூறு வருஷத்துக்கு மேலாக அளந்துகொண்டே இருக்கிறார்கள். 1876இல் ஜாகர், 1899 தொடங்கி அலெக்சாண்டர் ரீ தோண்டினார்கள். ரீ எடுத்த மண்டையோடுகளைச் சக்கர்மன் என்ற உடற்கூறியலாளர் அளந்து 1930இல் எழுதினார், அப்போதைய வழக்கப்படி இன்ன இனச்சாயல் என்று பெயரும் போட்டார். 2004 அகழாய்வுக்குப் பிறகும் அதே மாதிரி இனப்பெயர்கள் செய்திகளில் வந்தன. மண்டையோட்டின் வடிவத்தை வைத்து 'நீக்ராய்டு', 'காக்கசாய்டு' என்று பிரிக்கிற முறையை மரபணு ஆய்வாளர்கள் கைவிட்டு வெகுகாலம் ஆகிறது. அந்தச் சொற்கள் இருக்கிற பதிவைப் பார்த்தால் அதை அப்படியே ஃபார்வர்டு செய்யாதீர்கள்.

உயிரோடு இருந்தவர்களையும் விடவில்லை. ரிஸ்லி 1901 மக்கள்தொகைக் கணக்கெடுப்பை நடத்தியவர். மூக்கு அகலமாக இருந்தால் சாதிப் படியில் கீழே, குறுகலாக இருந்தால் மேலே என்று ஒரு கணக்கே வைத்திருந்தார். சென்னை அருங்காட்சியகத்தின் தர்ஸ்டன் ஊர் ஊராகப் போய் நம் ஆட்களின் மூக்கையும் தலையையும் அளந்தார். அதற்கும் முன்னால், இடையன்குடியில் இருந்த கால்டுவெல் 1849இல் நம்ம பக்கத்துச் சமூகம் ஒன்றைப் பற்றி, இவர்கள் இலங்கையிலிருந்து வந்தவர்கள் என்றும் அறிவிலும் பண்பிலும் குறைந்தவர்கள் என்றும் எழுதிவைத்தார். அந்தச் சமூகம் கொதித்து எழுந்தது, அந்தக் காயம் இன்னமும் பேசப்படுகிறது. தமிழுக்கு அவர் செய்ததை மறுக்க வேண்டியதில்லை, இதையும் மறைக்க வேண்டியதில்லை.

இதெல்லாம் ஏட்டோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. குற்றம் பிறவியிலேயே வரும் என்று நம்பி 1871இல் போட்ட குற்றப் பரம்பரைச் சட்டம், 1911க்குப் பிறகு சென்னை மாகாணத்துக்கும் வந்தது. கைக்குழந்தையாக இருந்தாலும் அந்தச் சாதியில் பிறந்திருந்தால் அவன் சந்தேகத்துக்கு உரியவன் என்பதுதான் அதன் அடிப்படை. ரேகை வைக்க மறுத்த பெருங்காமநல்லூர் மக்கள் மேல் 1920 ஏப்ரல் 3ஆம் தேதி போலீஸ் சுட்டது. அந்தக் காலத்தில் கைரேகை, இந்தக் காலத்தில் டி.என்.ஏ. 2022இல் வந்த குற்றவியல் அடையாளச் சட்டம் கைதானவர்களிடமிருந்து உயிரியல் மாதிரி எடுக்கவும் வழி செய்திருக்கிறது. டி.என்.ஏ. வங்கிக்கென்று 2019இல் கொண்டுவந்த மசோதாவை 2023இல் அரசே திரும்பப் பெற்றுக்கொண்டது. எந்த ஊர்க்காரர்கள் அதிகம் கைதாகிறார்களோ அவர்கள் மரபணுதான் அதிகம் சேரும், பிறகு 'குற்றவாளிகள் பட்டியலில் இந்தக் குழு அதிகம்' என்று அந்தப் பட்டியலையே சாட்சியாகக் காட்ட முடியும். பழைய சட்டம் போன பாதை அதுதான்.

அம்பேத்கர் இதற்கு நல்ல வழி காட்டினார். 1948இல் அவர் அதே மூக்களவு எண்களை எடுத்து, இந்த அளவுகோல் உண்மை என்றால் பிராமணரும் தீண்டப்படாதவர் என்று சொல்லப்பட்டவரும் ஒரே இனம்தான் என்று அவர்கள் கணக்கை வைத்தே நிறுவினார். யாராவது எண்ணைக் காட்டிப் பேசினால் எண்ணைப் பார்த்து ஒதுங்க வேண்டாம், வாங்கிப் படியுங்கள்.

ரத்தமோ எச்சிலோ கேட்டு வந்தால்

ஆராய்ச்சியே வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். ஜீனோம் இந்தியா திட்டத்தில் நாடு முழுக்க 83 மக்கள் குழுக்களிலிருந்து சுமார் 10,000 பேரின் மரபணுவைப் படித்திருக்கிறார்கள். அதுவரை உலகத் தரவுகளில் நம் ஆட்கள் மிகக் குறைவு, மருந்து அளவு முதல் நோய்ச் சோதனை வரை ஐரோப்பியர் உடம்பை வைத்தே கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்கள். நாம் கொடுத்தால்தான் நமக்குப் பயன்படும். ஆனால் கேட்டுவிட்டுக் கொடுங்கள்.

இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் (ஐ.சி.எம்.ஆர்.) 2017இல் வெளியிட்ட நெறிமுறைகள் உங்கள் பக்கம் இருக்கின்றன. வருகிறவர் உங்களுக்குப் புரிகிற மொழியில் எழுதிய தகவல் தாளைத் தர வேண்டும், நெறிமுறைக் குழு அனுமதி வாங்கியிருக்க வேண்டும், அந்தக் குழுவின் உறுப்பினர் செயலரைத் தொடர்புகொள்ளும் விவரம் தாளில் இருக்க வேண்டும், நீங்கள் கையெழுத்திட்ட ஒப்புதல் படிவத்தின் நகல் ஒன்று உங்கள் கையில் இருக்க வேண்டும். எழுதப் படிக்கத் தெரியாத ஆச்சி ரேகை வைத்தால் ஆய்வோடு சம்பந்தமில்லாத ஒரு சாட்சி கூட இருக்க வேண்டும். எப்போது வேண்டுமானாலும் விலகிக்கொள்ளலாம், விலகினால் உங்கள் வைத்தியத்தில் எந்தக் குறையும் வைக்கக் கூடாது. ஊர்த்தலைவர் சரி சொல்லிவிட்டார், சங்கத் தலைவர் சொல்லிவிட்டார் என்பதெல்லாம் உங்கள் ஒப்புதலுக்கு ஈடாகாது. இது முக்கியம், ஏனென்றால் நம்ம ஊர்களில் பெரியவர் ஒருவர் தலையாட்டினால் பின்னால் வரிசை நின்றுவிடும். பெண்கள் தனியாகக் கேட்கப்பட வேண்டும்.

படிவத்தில் ஒரு வரியை மட்டும் தேடிக் கண்டுபிடியுங்கள்: மிச்சம் இருக்கிற மாதிரியை எதிர்காலத்தில் வேறு ஆய்வுக்குப் பயன்படுத்தலாமா என்கிற வரி. அமெரிக்காவில் கிராண்ட் கேன்யனில் வாழும் ஹவசுபாய் பழங்குடிகள், 1990 வாக்கில் தங்களிடம் சர்க்கரை நோய் அதிகமாக இருக்கிறது, அதற்கு வழி கிடைக்கும் என்று நம்பி அரிசோனா மாநிலப் பல்கலைக்கழக ஆய்வாளர்களுக்கு ரத்தம் கொடுத்தார்கள். அந்த ரத்தத்தை மனச்சிதைவு நோய் பற்றியும், அவர்கள் நெருங்கிய உறவில் மணப்பதைப் பற்றியும், அவர்கள் எங்கிருந்து வந்தவர்கள் என்பது பற்றியும் ஆராயப் பயன்படுத்திவிட்டார்கள். தங்கள் தெய்வம் தங்களை அந்தப் பள்ளத்தாக்கிலேயே பிறப்பித்தது என்று நம்புகிற மக்கள் அவர்கள். 2003இல் அந்த இனத்துப் பெண் ஒருவர் ஓர் ஆய்வேட்டு அரங்கில் உட்கார்ந்திருந்தபோதுதான் விஷயமே தெரியவந்தது. வழக்கு போட்டு, 2010இல் 7 லட்சம் டாலரும் தங்கள் ரத்த மாதிரிகளும் திரும்ப வாங்கினார்கள். படிவத்தில் பொதுப்படையாக எழுதியிருந்த ஒரு வரிதான் அவ்வளவுக்கும் இடம் கொடுத்தது. 'வேறு ஆய்வென்றால் மறுபடி என்னைக் கேட்க வேண்டும்' என்று ஒரு தேர்வு இருந்தால் அதில் டிக் செய்யுங்கள், இல்லையென்றால் கையால் எழுதித் தரலாமா என்று கேளுங்கள்.

மாதிரி வெளிநாட்டுக்குப் போகுமா? கூட்டு ஆய்வென்றால் மத்திய சுகாதார அமைச்சகத்தின் பரிசீலனைக் குழு அனுமதி வேண்டும், அதைக் காட்டச் சொல்லுங்கள். கட்டுரையில் எங்கள் சாதிப் பெயரும் ஊர்ப் பெயரும் சேர்ந்து வருமா? உங்கள் பெயரை எடுத்துவிட்டாலும், நூறு வீடு இருக்கிற ஊரில் சாதியையும் ஊரையும் போட்டால் யாரென்று எல்லாருக்கும் தெரிந்துவிடும். முடிவை எங்களிடம் வந்து சொல்வீர்களா? கடைசியாக, இதில் மருந்தோ காப்புரிமையோ வந்தால் எங்களுக்கு என்ன பங்கு?

பங்கு கேட்பதைப் பேராசை என்று நினைக்காதீர்கள். நம்ம மலைக்கு அந்தப் பக்கம் அது நடந்திருக்கிறது. அகத்தியர் மலையில் காணிக்காரர்கள் காட்டிக்கொடுத்த ஆரோக்கியப்பச்சை என்ற மூலிகையிலிருந்து, கேரளத்துப் பாலோடு என்ற ஊரில் இருக்கிற தாவரவியல் தோட்டத்துக்காரர்கள் 'ஜீவனி' என்ற மருந்தை உருவாக்கி, உரிமக் கட்டணத்திலும் ராயல்டியிலும் பாதியைக் காணிக்காரர் அறக்கட்டளைக்கு என்று ஒதுக்கினார்கள். அதிலும் எல்லாக் காணிக்காரர்களையும் கலந்து பேசவில்லை என்ற குறை எழுந்தது, அந்தக் குறை நியாயமானதுதான். காரையார், சேர்வலாறு, இஞ்சிக்குழிப் பக்கம் காணிக் குடியிருப்புகளுக்கு ரத்தம் கேட்டு யாராவது வந்தால், பச்சிலைக்குக் கிடைத்த மரியாதையாவது உடம்பின் ரத்தத்துக்குக் கிடைக்க வேண்டும் என்று கேட்கிற உரிமை அவர்களுக்கு உண்டு. பாளையங்கோட்டையிலும் அபிஷேகப்பட்டியிலும் படிக்கிற மாணவர்கள் இதற்குத் துணை நிற்கலாம், தாளைப் படித்துச் சொல்லலாம்.

மாணவர்களே ஆய்வு செய்பவர்களாக இருந்தால் உங்களுக்கு ஒரு வேண்டுகோள். குழாயில் சாதிப் பெயரை எழுதுவதற்கு முன் உங்கள் கேள்விக்கு அது தேவையா என்று பாருங்கள். உணவு, தண்ணீர், தொழில், சொந்தத்தில் திருமணமா என்பவை நோய்க்குக் காரணமாக இருக்கும்போது சாதியை மட்டும் அட்டவணையில் போட்டால் அந்த நோய் சாதி நோயாகிவிடும். அமெரிக்க தேசிய அறிவியல் கழகங்கள் 2023இல் இதைத்தான் சொன்னது: மரபணு வேறுபாட்டுக்குப் பதிலாக 'இனம்' என்ற பெட்டியை வைத்து வேலையை முடிக்காதீர்கள்.

எச்சில் குழாய் வாங்குவதற்கு முன்

அந்தச் சதவீதங்கள் உங்கள் உடம்பில் எழுதியிருப்பவை அல்ல. கம்பெனியிடம் ஏற்கெனவே இருக்கிற ஆட்களோடு உங்களை ஒப்பிட்டு, யாரோடு அதிகம் ஒத்துப்போகிறது என்று சொல்வது அது. அவர்கள் கையிருப்பில் தென் தமிழ்நாட்டுக்காரர்கள் குறைவென்றால் பக்கத்து மாநிலப் பெயரைச் சொல்லும். அதே எச்சிலை இன்னொரு கம்பெனிக்கு அனுப்பினால் வேறு எண் வரும்.

அதைவிடப் பெரிய விஷயம், நீங்கள் அனுப்புவது உங்கள் மரபணுவை மட்டும் இல்லை. உங்கள் அண்ணன், அத்தை, சொக்காரர்கள், இனிமேல் பிறக்கப்போகும் பிள்ளைகள் எல்லாருடைய பாதியோ காலோ அதில் இருக்கிறது, அவர்களை யாரும் கேட்கவில்லை. 23அண்ட்மீ கம்பெனியில் 2023இல் சுமார் 69 லட்சம் பேரின் விவரம் திருடு போனது. திருடியவர்கள் யூத வம்சாவளிக்காரர்கள், சீன வம்சாவளிக்காரர்கள் என்று தனித்தனிப் பட்டியலாகப் பிரித்து விற்பனைக்கு வைத்தார்கள். அந்தக் கம்பெனி 2025 மார்ச்சில் திவாலாகி, தரவோடு சேர்த்துக் கைமாறியது. இதே மாதிரிச் சாதிவாரிப் பட்டியல் ஒன்று நம்ம மாவட்டத்தில் வெளியானால் என்ன ஆகும் என்று யோசித்துவிட்டு வாங்குங்கள். ஏற்கெனவே கொடுத்திருந்தால் கணக்குக்குள் போய் தரவை அழிக்கும் வசதியையும் மாதிரியை அழிக்கும் வசதியையும் தேடுங்கள், பெரும்பாலும் இரண்டும் தனித்தனியாக இருக்கும்.

அமெரிக்காவில் மரபணுவைக் காட்டி வேலையோ மருத்துவக் காப்பீடோ மறுக்கக் கூடாது என்று 2008இல் சட்டம் போட்டார்கள். நமக்கு அப்படித் தனிச் சட்டம் இல்லை. 2018இல் தில்லி உயர் நீதிமன்றம், 'மரபு நோய்' என்று பொதுவாகச் சொல்லிக் காப்பீட்டை மறுப்பது பாகுபாடு என்று தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. உங்களுக்கு அப்படி மறுத்தால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள்.

ஆஸ்பத்திரியில்

இங்கே மட்டும் குடும்ப வரலாற்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். 2017இல் தெற்காசியாவின் 263 குழுக்களைப் பார்த்த ஆய்வில் 81 குழுக்களில், சில முன்னோரிடமிருந்தே கூட்டம் முழுவதும் பெருகியதன் அடையாளம் பலமாக இருந்தது; பத்து லட்சத்துக்கு மேல் ஆட்கள் இருக்கிற 14 குழுக்களும் அதில் அடக்கம். இதனால் என்ன என்றால், அரிதான ஒரு குறை அந்த வட்டத்துக்குள் பலரிடம் மறைந்திருக்கும். ஒரு பக்கம் மட்டும் இருந்தால் ஒன்றும் தெரியாது, அப்பா அம்மா இருவரிடமும் இருந்தால் ஒவ்வொரு பிள்ளைக்கும் நாலில் ஒரு பங்கு வாய்ப்பில் நோயாக வரும். மாமன் மகளை, அக்கா மகளைக் கட்டினால் அந்த வாய்ப்பு கூடும். சொந்தத்தில் கட்டாமல் 'நம்ம ஆட்களுக்குள்' தூரத்தில் கட்டினாலும் முழுசாக நீங்கிவிடாது. வைசியர் சமூகத்தில் சிலருக்கு ஒரு நொதி குறைவதால் அறுவைச் சிகிச்சையில் கொடுக்கும் ஒருவகைத் தசைத் தளர்வு மருந்து நீண்ட நேரம் மூச்சைத் தடுக்கும் என்பது மருத்துவர்களுக்குத் தெரிந்த உதாரணம். ஆனால் அந்தக் குறை மற்றவர்களுக்கும் வரும். அதனால் டாக்டரிடம் சாதியைச் சொல்லிவிட்டு நிறுத்திவிடாதீர்கள், "எங்க பெரியப்பாவுக்கு மயக்க மருந்து கொடுத்தப்ப மூச்சு திரும்ப நேரமாச்சு" என்று சொல்லுங்கள். அதுதான் உயிரைக் காக்கும். எம்.ஒய்.பி.சி.3 என்ற இதய மரபணுவில் 25 எழுத்துகள் விடுபட்ட மாற்றம் இந்தியாவில் சுமார் 4 சதவீதம் பேரிடம், சாதி மதம் பார்க்காமல் பரவிக் கிடக்கிறது என்று 2009இல் கண்டார்கள். சின்ன வயதில் இதயக் கோளாறால் போனவர்கள் குடும்பத்தில் இருந்தால் எந்தச் சாதியாக இருந்தாலும் சொல்லுங்கள்.

சோதனை முடிவை வாங்கியதும் அதைக் கல்யாணத் தரகர் வரைக்கும் போகவிடாதீர்கள். 'அந்த வீட்டில் மரபு நோய்' என்று பேச்சு வந்தால் அந்த வீட்டுப் பெண்பிள்ளைகள்தான் முதலில் தண்டிக்கப்படுவார்கள்.

குரூப்பிலும் வகுப்பிலும்

குரூப்பில் அந்தப் படம் வந்தால் கேலி செய்யாதீர்கள், அனுப்பியவருக்கு அது கௌரவ விஷயம். "அண்ணாச்சி, இது எந்த ஆய்வு, லிங்க் இருந்தா போடுங்க, நானும் படிக்கேன்" என்று கேட்டால் போதும், பெரும்பாலும் அங்கேயே நின்றுவிடும். ஒரு சமூகத்தை இழிவாகச் சொல்கிற படம் என்றால் மட்டும் தயங்காமல் "இதை அழிச்சிருங்க" என்று எல்லாரும் பார்க்கவே எழுதுங்கள், தனியாகச் சொன்னால் போதாது.

ஆசிரியர்களுக்கு ஒரு பயிற்சி சொல்கிறேன். அப்பா அம்மா இருவர், தாத்தா ஆச்சி நால்வர் என்று முன்னோர் எண்ணிக்கையைக் கரும்பலகையில் இரட்டிப்பாக்கிக்கொண்டே போகப் பிள்ளைகளிடம் சொல்லுங்கள். பத்தாவது தலைமுறையில் 1,024, இருபதாவதில் 10 லட்சத்தைத் தாண்டும், முப்பதாவதில் 107 கோடி. முப்பது தலைமுறை என்பது ஏறக்குறைய பிற்காலப் பாண்டியர் காலம். அப்போது உலகம் முழுக்கவே 50 கோடிப் பேர்கூட இல்லை. அப்படியானால் அவ்வளவு முன்னோர் எங்கிருந்து வந்தார்கள் என்று பிள்ளைகளையே கேளுங்கள். ஒரே ஆள் பல இடங்களில் திரும்பத் திரும்ப வருகிறார், உன் மரத்தில் இருப்பவரே பக்கத்தில் உட்கார்ந்திருப்பவன் மரத்திலும் இருக்கிறார் என்று அவர்களே கண்டுபிடிப்பார்கள். யார் வீட்டு முன்னோர் பெயரையும் கேட்க வேண்டாம், பெயர் கேட்டால் சாதி தெரிந்துவிடும். எண்ணை மட்டும் வைத்து நடத்துங்கள். எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு ஒரு பீரியட் போதும்.